ரிச்சர்ட் குரோக்கர்: நியூயார்க் நகரத்தைக் கையில் வைத்திருந்த அயர்லாந்துக்காரர் – அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

அமெரிக்க நகர அரசியலைப் பற்றிப் படிக்கத் தொடங்கும் எவரும் சீக்கிரமே நியூயார்க் நகர டெமாக்ரட் கட்சியை நடத்திய ‘டம்மனி ஹால்’ என்ற அமைப்பின் பெயரில் வந்து நிற்பார்கள். அதன் தலைவர்களில் அயர்லாந்தில் பிறந்து, குடிசையிலிருந்து கிளம்பி, உலகத்தின் மிகப் பெரிய நகரங்களில் ஒன்றைப் பதினைந்து ஆண்டுகளுக்கு மேல் ஆட்டிவைத்தவர் ரிச்சர்ட் குரோக்கர் (1843–1922). அவரைத் திருடன் என்று ஒரே சொல்லில் முடிப்பவர்களும் உண்டு, ஏழைகளின் காவலர் என்று கொண்டாடுபவர்களும் உண்டு. இரண்டுமே பாதிக் கதைதான் என்பது என் கருத்து. மீதிப் பாதியையும் சேர்த்துச் சொல்லத்தான் இந்தக் கேள்வி பதில்.

குரோக்கர் குடும்பம் ஏன் அமெரிக்கா வந்தது?

பஞ்சம்தான். 1845-ல் அயர்லாந்தில் உருளைக்கிழங்குப் பயிர் நோய் கண்டு அழுகியது. அடுத்த சில ஆண்டுகளில் சுமார் பத்து லட்சம் பேர் செத்தார்கள். அதைவிட அதிகம் பேர் கப்பல் ஏறினார்கள். கார்க் மாவட்டத்தைச் சேர்ந்த குரோக்கர் குடும்பம் 1846-ல் நியூயார்க் வந்து சேர்ந்தபோது ரிச்சர்டுக்கு மூன்று வயதுகூட நிரம்பவில்லை. அப்பா குதிரைகளுக்கு லாடம் அடிப்பவர், குதிரை வைத்தியமும் தெரிந்தவர். அந்தக் குதிரைப் பாசம் மகனைக் கடைசிவரை விடவில்லை.

இன்று சென்ட்ரல் பார்க் இருக்கும் இடத்தில் அப்போது குடிசைகள் இருந்தன. அங்கே செனிகா வில்லேஜ் என்று கறுப்பின மக்கள் சொந்தமாக நிலம் வாங்கிக் குடியிருந்த ஒரு சிற்றூரும் இருந்தது. பூங்கா அமைப்பதற்காக 1857-ல் அதை மொத்தமாகக் காலி செய்தார்கள். குரோக்கர் குடும்பம் முதலில் ஒண்டியது அந்தப் பக்கத்தில்தான்.

ஒரு சின்ன விவரம்: குரோக்கர் பிறப்பால் புராட்டஸ்டண்ட். 1873-ல் எலிசபெத் ஃபிரேசரைத் திருமணம் செய்தபோதுதான் கத்தோலிக்கரானார்.

டம்மனி ஹால் என்பது கட்சியா, கட்டடமா?

இரண்டும். 1780-களில் ஒரு சங்கமாகத் தொடங்கியது. டெலவேர் பழங்குடித் தலைவர் டமனெண்டின் பெயரை வைத்துக்கொண்டார்கள். நிர்வாகிகளுக்கு ‘சாச்செம்’ என்று பட்டம், கூடும் இடத்துக்கு ‘விக்வாம்’ என்று பெயர். நாளடைவில் அதுவே நியூயார்க் நகர டெமாக்ரட் கட்சியின் முதுகெலும்பாகிவிட்டது. 1868-ல் 14-வது தெருவில் பெரிய மாளிகையும் கட்டிக்கொண்டார்கள்.

டம்மனி ஆரம்பத்திலிருந்தே அயர்லாந்துக்காரர்களின் வீடாக இருந்தது என்று பலர் நினைக்கிறார்கள். அப்படி இல்லை. தொடக்கத்தில் அவர்களுக்கு அங்கே மரியாதையே கிடையாது. 1817 ஏப்ரலில், தங்கள் ஆளான தாமஸ் அடிஸ் எம்மெட்டை வேட்பாளராக்கச் சொல்லி அயர்லாந்துக்காரர்கள் கூட்டமாகப் போய் டம்மனி அரங்குக்குள் புகுந்து நாற்காலிகளை உடைத்தார்கள். கதவை யாரும் திறந்துவிடவில்லை, இவர்களே தள்ளிக்கொண்டு உள்ளே போனார்கள். 1855-ல் நகர மக்களில் நான்கில் ஒருவருக்கும் மேல் அயர்லாந்தில் பிறந்தவர் என்ற நிலை வந்த பிறகு டம்மனியால் அவர்களைத் தள்ளிவைக்க முடியவில்லை. 1872-ல் ‘ஹானஸ்ட் ஜான்’ கெல்லி தலைவரானார். அந்த நாற்காலியில் உட்கார்ந்த முதல் அயர்லாந்துக் கத்தோலிக்கர் அவர். குரோக்கரை வளர்த்துவிட்டவரும் அவர்தான்.

குரோக்கர் அரசியலுக்குள் எப்படி வந்தார்?

கை பலத்தால். பதின்மூன்று வயது வாக்கில் பள்ளியை விட்டு, ஹார்லெம் ரயில்வேயின் பட்டறையில் வேலை பழகப் போனார். குட்டையான ஆள், ஆனால் தோளும் கழுத்தும் எருதுபோல. ‘ஃபோர்த் அவென்யூ டனல் கேங்’ என்ற பேட்டை இளைஞர் கும்பலுக்குத் தலைவரானார். குத்துச்சண்டையிலும் பெயர் எடுத்தார். அப்புறம் தன்னார்வத் தீயணைப்புக் குழு. அந்தக் காலத்தில் நெருப்பை அணைப்பது அதன் வேலைகளில் ஒன்றுதான். மற்ற நேரம் அது ஒரு சங்கம், சண்டைக்கு ஆள் திரட்டும் இடம், அரசியலுக்கு ஏணி.

தேர்தல் நாளில் இப்படிப்பட்ட ஆட்கள் எல்லாக் கட்சிக்கும் வேண்டியிருந்தது. வாக்குச்சீட்டைக் கட்சிகளே அச்சடித்துக் கொடுத்த காலம் அது. யார் எந்தச் சீட்டைப் போடுகிறார் என்பது எல்லோருக்கும் தெரியும். சாவடி வாசலில் நிற்பவன் முறைத்தால் பலர் வீட்டுக்குத் திரும்பிப் போய்விடுவார்கள். 1868-ல் குரோக்கர் ஆல்டர்மேன், அதாவது நகர மன்ற உறுப்பினர் ஆனார். அப்போது வயது 25. பிறகு கெல்லியின் தயவில் கரோனர், அதாவது சந்தேக மரணங்களை விசாரிக்கும் அதிகாரி ஆனார்.

அவர் மீது கொலை வழக்கு இருந்தது உண்மையா?

உண்மை. 1874 நவம்பர் 3, தேர்தல் நாள். டம்மனி நிறுத்திய ஏப்ரம் ஹியூவிட்டுக்கு எதிராக ஜேம்ஸ் ஓபிரையன் காங்கிரசுக்குப் போட்டியிட்டார். இரண்டாம் அவென்யூவும் 34-வது தெருவும் சந்திக்கும் இடத்தில் ஓபிரையனும் குரோக்கரும் நேருக்கு நேர் மோதிக்கொண்டார்கள். ஆட்கள் சேர்ந்தார்கள், துப்பாக்கி வெடித்தது, ஓபிரையனின் ஆளான ஜான் மெக்கென்னா தலையில் குண்டு பாய்ந்து இறந்தார். குரோக்கர்தான் சுட்டார் என்று அவர் சாவதற்கு முன் சொன்னார். வழக்கு நடந்தது. ஜூரிகள் ஆறுக்கு ஆறு என்று பிரிந்தார்கள். மறு விசாரணை நடக்கவே இல்லை.

குரோக்கர் தன்னிடம் துப்பாக்கியே இல்லை என்று சாதித்தார். சுட்டது அவருடைய நண்பர் ஒருவர் என்றும், அது தெரிந்தும் குரோக்கர் காட்டிக்கொடுக்கவில்லை என்றும் பிற்பாடு பேசப்பட்டது. அந்தப் பேட்டைகளில் காட்டிக்கொடுப்பவனைவிடக் கேவலமானவன் இல்லை. அதனால் வழக்கு அவரை அழிப்பதற்குப் பதிலாக, வாய் திறக்காத ஆள் என்ற பெயரைக் கொடுத்தது. ஒரு மனிதர் செத்துப்போனதற்கு யாருமே பதில் சொல்லவில்லை என்பதும் இதோடு சேர்த்து நினைவில் இருக்க வேண்டும்.

தலைமை அவர் கைக்கு எப்போது வந்தது?

1886-ல் கெல்லி இறந்ததும் வந்தது. தேர்தல் நடத்தித் தேர்ந்தெடுக்கவில்லை. கெல்லியின் நாற்காலியில் போய் உட்கார்ந்தார், யாரும் எழுப்பவில்லை.

அதே ஆண்டு மேயர் தேர்தலில் பெரிய சோதனை வந்தது. தொழிலாளர் சங்கங்கள் ஹென்றி ஜார்ஜை நிறுத்தின. நில வரியைப் பற்றி எழுதி உலகமெங்கும் பெயர் பெற்றிருந்த அவருக்கு அயர்லாந்துத் தொழிலாளிகளிடம் பெரிய மதிப்பு இருந்தது. டம்மனியின் சொந்த ஓட்டே கரையும் நிலை. குரோக்கர் என்ன செய்தார்? பணக்காரர்களும் மதிக்கும் ஹியூவிட்டை வேட்பாளராக்கினார். ஹியூவிட் சுமார் 90,500 ஓட்டு, ஜார்ஜ் சுமார் 68,000, மூன்றாவதாக வந்த இளைஞர் தியோடர் ரூஸ்வெல்ட் சுமார் 60,000. ஏழைகளின் கட்சி என்று சொல்லிக்கொண்ட டம்மனி, ஏழைகள் தாங்களாகவே திரண்ட ஒரே பெரிய சந்தர்ப்பத்தில் எதிர்ப் பக்கம் நின்றது. குரோக்கரை மதிப்பிட எனக்கு இந்த ஒரு தேர்தல் போதும்.

ஹியூவிட் சொன்ன பேச்சைக் கேட்கவில்லை. 1888-ல் புனித பேட்ரிக் தின ஊர்வலத்தின் மரியாதையை ஏற்க மறுத்தார், நகர மன்றக் கட்டடத்தில் அயர்லாந்துக் கொடி ஏற்றவும் மறுத்தார். அந்த ஆண்டே டம்மனி அவரைக் கழற்றிவிட்டு ஹ்யூ கிராண்டை மேயராக்கியது. கிராண்ட் குரோக்கரை நகரப் பொருளாளராக நியமித்தார். சம்பளம் ஆண்டுக்கு 25,000 டாலர்.

இவ்வளவு ஊழல் தெரிந்தும் ஏழைகள் ஏன் டம்மனிக்கே ஓட்டுப் போட்டார்கள்?

இதுதான் அதிகம் கேட்கப்படும் கேள்வி. அவர்கள் ஏமாளிகள் என்பது பதில் அல்ல.

அந்த நகரத்தில் வேலையில்லாதவனுக்கு உதவித்தொகை கிடையாது, விபத்தில் கை போனவனுக்கு இழப்பீடு கிடையாது, விதவைக்கு ஓய்வூதியம் கிடையாது. தேவாலயமும் தனியார் தரும சங்கங்களும் இருந்தன. தரும சங்கத்துக்குப் போனால் நீ ஒழுக்கமானவளா, உன் புருஷன் குடிப்பானா என்று வீடு வரைக்கும் வந்து விசாரிப்பார்கள். டம்மனியின் பேட்டைத் தலைவரிடம் போனால் அந்தக் கேள்வி எதுவும் இல்லை. நிலக்கரி வந்து சேரும்.

அமைப்பு இப்படி இருந்தது: நகரத்தின் ஒவ்வொரு சட்டமன்றத் தொகுதிக்கும் ஒரு தலைவர். அவருக்குக் கீழே ஒவ்வொரு வாக்குச்சாவடிக்கும் ஒரு கேப்டன். சில நூறு வாக்காளர்கள்தான் ஒரு கேப்டனின் பொறுப்பு. யார் வீட்டில் சாவு, யாருக்குப் பிள்ளை பிறந்தது, எவன் நேற்று ராத்திரி போலீசில் மாட்டினான் என்பதெல்லாம் அவருக்கு விடிவதற்குள் தெரியும். தீ விபத்து என்றால் அந்த வீட்டுக்காரர்களுக்கு அன்றிரவே தங்க இடமும் மாற்றுத் துணியும் ஏற்பாடாகும். பையன் கைதானால் காலையில் தலைவர் கோர்ட்டில் நிற்பார். அந்த மாஜிஸ்திரேட்டும் டம்மனி போட்ட ஆள்தான். வாடகை பாக்கிக்காகச் சாமான் தெருவில் கிடந்தால், வாடகையைக் கட்டிச் சாமானை உள்ளே எடுத்து வைப்பார்கள்.

குடியுரிமையும் அவர்கள் மூலம்தான். 1868-ல் ஒரே ஆண்டில் சுமார் 41,000 பேரை நியூயார்க் நீதிமன்றங்கள் குடிமக்களாக்கின. அதில் எத்தனை முறையானது என்பது வேறு விஷயம். ஆனால் கப்பலை விட்டு இறங்கியதிலிருந்து ‘அயர்லாந்துக்காரர் விண்ணப்பிக்க வேண்டாம்’ என்ற விளம்பரங்களைப் பார்த்து வந்தவனுக்கு, ‘நீயும் இந்த ஊர்க்காரன்தான்’ என்று முதலில் சொன்னது டம்மனி. எல்லாவற்றுக்கும் மேலே வேலை. போலீஸ், தீயணைப்பு, தெரு கூட்டுதல், துறைமுகம் என்று நகரத்தின் சம்பளப் பட்டியல் முழுக்க அவர்கள் கையில் இருந்தது. பதிலுக்குக் கேட்டது வருஷத்துக்கு ஒரு நாள், ஒரு ஓட்டு. அதை நன்றி என்று மக்கள் நினைத்தார்கள். அவர்கள் இடத்தில் நானும் அப்படித்தான் நினைத்திருப்பேன்.

எல்லா ஓட்டும் நன்றியால் விழுந்ததா?

இல்லை. கள்ள ஓட்டு தாராளமாக நடந்தது. பவரி பகுதியின் டம்மனித் தலைவர் ‘பிக் டிம்’ சல்லிவன் பெயரில் வழங்கும் ஒரு முறை இது: தாடி வைத்த ஆளைப் பிடி. தாடியோடு ஒரு ஓட்டு, முடிதிருத்துபவரிடம் போய்க் கன்னத்தை மட்டும் சிரைத்துக்கொண்டு ஒன்று, மீசையோடு ஒன்று, மழுங்க வழித்துவிட்டு ஒன்று. அரசாங்கமே அச்சிட்ட ரகசிய வாக்குச்சீட்டு 1890-ல் வந்த பிறகு வேலை கொஞ்சம் கடினமானது. நிற்கவில்லை.

குரோக்கருக்குப் பணம் எங்கிருந்து வந்தது?

பொருளாளர் வேலையை 1890-ல் விட்ட பிறகு அவருக்கு எந்த அரசுச் சம்பளமும் இல்லை. ஆனால் சென்ட்ரல் பார்க் பக்கத்தில் 74-வது தெருவில் மாளிகை வாங்கினார், பந்தயக் குதிரைகளை வரிசையாக வாங்கினார்.

அவருடைய வழி, கெல்லிக்கு முன் டம்மனித் தலைவராக இருந்த ட்வீட்டின் வழி அல்ல. ட்வீட் கும்பல் நேரடியாகக் கஜானாவில் கை வைத்தது. பொய் பில் போட்டுக் கோடிக்கணக்கில் எடுத்து, 1871-ல் பத்திரிகைகளில் அம்பலப்பட்டு, ட்வீட் 1878-ல் சிறையிலேயே இறந்தார். குரோக்கர் அதைக் கண்ணால் பார்த்தவர். அவர் கஜானாப் பக்கம் போகவில்லை. நகரத்தோடு வியாபாரம் செய்ய வேண்டியவர்கள் அவரிடம் வந்தார்கள். உதாரணத்துக்கு, பீட்டர் மேயர் என்பவரோடு கூட்டாக ஒரு நில விற்பனை நிறுவனம் வைத்திருந்தார். நீதிமன்ற உத்தரவின்படி ஏலத்துக்கு வரும் சொத்துகள் அந்த நிறுவனத்தின் வழியாகப் போயின. ஏலத்துக்கு உத்தரவிட்ட நீதிபதிகளுக்கு வேட்பாளர் சீட்டு கொடுப்பது யார்? டம்மனி.

1890-ல் மாநில சட்டமன்றத்தின் ஃபாசெட் குழு விசாரித்தபோது, ஹ்யூ கிராண்ட் ஷெரிஃபாக இருந்த காலத்தில் குரோக்கரின் குட்டி மகள் ஃப்ளாசிக்கு உறைகளில் பணம் கொடுத்தது வெளியே வந்தது. ஞானத் தந்தை என்ற முறையில் 10,000 டாலர் கொடுத்ததை கிராண்ட் ஒப்புக்கொண்டார். குரோக்கரின் மைத்துனரின் சாட்சியத்தில் தொகை இன்னும் அதிகம்.

ஒத்துவராதவர்களுக்கு என்ன நடக்கும் என்பதையும் பார்க்க வேண்டும். குரோக்கருக்குப் பங்கு இருந்த ஒரு கம்பெனி, அழுத்தப்பட்ட காற்றுக் குழாய்களை மேம்பால ரயிலின் தூண்கள் வழியாகக் கொண்டுபோக விரும்பியது. ரயில் முதலாளி ஜார்ஜ் கூல்ட் மறுத்தார். உடனே நகரத்தின் ஒவ்வொரு துறையும் அந்த ரயில் கம்பெனிமீது நோட்டீஸ் அனுப்ப ஆரம்பித்தது.

லெக்ஸோ குழு கண்டுபிடித்தது என்ன?

1892 பிப்ரவரியில் சார்லஸ் பார்க்கர்ஸ்ட் என்ற பாதிரியார் தேவாலய மேடையிலேயே டம்மனி ஆட்சியைத் தாக்கிப் பேசினார். ஆதாரம் எங்கே என்று கேட்டார்கள். அவரே மாறுவேடத்தில் இரவு விடுதிகளுக்குப் போய் ஆதாரம் திரட்டினார். அதன் தொடர்ச்சியாக 1894-ல் மாநில செனட்டின் லெக்ஸோ குழு போலீஸ் துறையை விசாரித்தது. மாமூல் ஒரு விலைப்பட்டியல் போல இயங்கியது தெரிந்தது. கான்ஸ்டபிள் வேலைக்குச் சுமார் 300 டாலர். விபசார விடுதி திறக்க 500 டாலர், மேலே மாதாமாதம் தனி. ஸ்டேஷனுக்குப் புது கேப்டன் வந்தால் அந்த 500-ஐத் திரும்பவும் கட்ட வேண்டும்.

அந்தச் சாட்சியங்களில் என்னை அதிகம் பாதித்தது டிமதி க்ரீடன் என்ற கேப்டனுடையது. உள்நாட்டுப் போரில் பல சண்டைகளில் நின்றவர், நல்ல பெயர் உள்ளவர். பதவி உயர்வுப் பரீட்சையில் நல்ல மதிப்பெண் வாங்கியும் உயர்வு வரவில்லை. கடைசியில் கேப்டன் பதவிக்கு 15,000 டாலர் கட்டினார். அவரிடம் ஏது அவ்வளவு பணம்? நண்பர்களும் அவர் வட்டாரத்து சலூன்காரர்களும் சேர்ந்து கொடுத்தார்கள். பதவிக்கு வந்த பிறகு அந்தக் கடனை எப்படி அடைப்பார்? முதல் நாள் விசாரணையில் மறுத்தார், பிறகு எல்லாவற்றையும் ஒப்புக்கொண்டார். நேர்மையாக இருக்க விரும்பும் ஒருவனையும் அந்த ஏற்பாடு எப்படி உள்ளே இழுத்துக்கொண்டது என்பதற்கு இதைவிடத் தெளிவான சாட்சி இல்லை.

அந்த ஆண்டுத் தேர்தலில் டம்மனி தோற்றது. குரோக்கர் அதற்கு முன்பே தலைமையிலிருந்து ஒதுங்கியிருந்தார். இங்கிலாந்துக்குக் குதிரைகளோடு போய்விட்டார்.

பிறகு எப்படித் திரும்பி வந்தார்?

புரூக்ளின், குவீன்ஸ் எல்லாம் சேர்ந்து 1898 ஜனவரி 1 முதல் பெரிய நியூயார்க் உருவாக இருந்தது. அதன் முதல் மேயர் யார் என்பது 1897 தேர்தல். எதிரணி பிரிந்து நின்றது. மீண்டும் போட்டியிட்ட ஹென்றி ஜார்ஜ் தேர்தலுக்குச் சில நாட்கள் முன்பு இறந்துவிட்டார். குரோக்கர் நிறுத்திய ராபர்ட் வான் விக் சுமார் 2.34 லட்சம் ஓட்டில் ஜெயித்தார். அடுத்து வந்த சேத் லோவுக்கு சுமார் 1.5 லட்சம்.

புது மேயர் பதவி ஏற்பதற்கு முன்பே, நியூஜெர்சியின் லேக்வுட் ஊரில் ஓர் ஓட்டலில் உட்கார்ந்து குரோக்கர் பதவிகளைப் பங்கிட்டார். 1899-ல் மாநில சட்டமன்றத்தின் மேசட் விசாரணைக் குழு முன் நின்றபோது, வழக்கறிஞர் ஃபிராங்க் மாஸ் கேட்டார்: “அப்படியானால் நீங்கள் உங்கள் பாக்கெட்டுக்காகத்தான் வேலை செய்கிறீர்கள், இல்லையா?” குரோக்கரின் பதில்: “எப்போதும். உங்களைப் போலத்தான்.”

சாதாரண ஜனங்களுக்கு இந்த ஊழலால் என்ன நஷ்டம்?

1900-ன் ஐஸ் விவகாரத்தைப் பாருங்கள். குளிர்பதனப் பெட்டி இல்லாத காலம். அடுக்குக் குடியிருப்பில் கோடையில் குழந்தைக்கு வைத்த பால் கெடாமல் இருக்க ஐஸ்கட்டி வேண்டும். ஏழைகள் ஐந்து சென்ட்டுக்கு ஒரு துண்டு வாங்குவார்கள். அமெரிக்கன் ஐஸ் கம்பெனி நூறு பவுண்டு ஐஸின் விலையை 30 சென்ட்டிலிருந்து 60 சென்ட்டாக ஏற்றியது, ஐந்து சென்ட் துண்டையும் நிறுத்தப்போவதாகச் சொன்னது. வேறு கம்பெனியிடம் வாங்கலாமே? முடியாது. நகரத்தின் படகுத்துறைகளில் ஐஸ் இறக்கும் வசதி அந்தக் கம்பெனி கையில் இருந்தது. துறைகளை நிர்வகிப்பது நகர அதிகாரிகள். மேயர் வான் விக்கிடமே அந்தக் கம்பெனியின் பங்குகள் பெருமளவில் இருந்தன என்று பத்திரிகைகள் வெளியிட்டன.

குளிர்காலத்தில் நிலக்கரி கொடுத்த அதே கை, கோடையில் பால் கெடுவதற்கும் காரணமானது. கொடுத்தது எல்லோருக்கும் தெரிந்தது. எடுத்தது அந்த ஒரு கோடையில்தான் வீட்டுக்குள் வந்து நின்று தெரிந்தது.

எல்லாக் குடியேறிகளுக்கும் டம்மனி உதவியதா?

ஓரளவு. யூதர்களுக்கும் இத்தாலியர்களுக்கும் சில்லறை உதவிகள் கிடைத்தன, நல்ல வேலைகளும் தலைமையும் பெரும்பாலும் அயர்லாந்துக்காரர்களிடமே தங்கின. கறுப்பின மக்களின் நிலை மோசம். 1900 ஆகஸ்டில் டெண்டர்லாயின் பகுதியில் வெள்ளையர் கும்பல் அவர்களைத் தாக்கியபோது, தடுக்க வேண்டிய போலீசும் சேர்ந்து அடித்தது. போலீஸ்காரர்கள் யாரும் தண்டிக்கப்படவில்லை. செனிகா வில்லேஜ் பக்கத்தில் வளர ஆரம்பித்த ஒருவரின் ஆட்சியில் இது நடந்தது என்பது வேதனையான விஷயம்.

அவர் ஆட்சி எப்படி முடிந்தது?

ஒரே அடியில் அல்ல. 1898-ல் நீதிபதி ஜோசப் டேலி, குரோக்கர் சொன்ன ஆளைக் குமாஸ்தாவாகப் போட மறுத்தார் என்பதற்காக அவருக்கு மீண்டும் சீட்டு தரப்படவில்லை. இருபத்தெட்டு ஆண்டு நீதிபதியாக இருந்தவர். ஆளுநர் பதவிக்கு நின்ற ரூஸ்வெல்ட் இதையே ஊர் ஊராகப் பேசி, சுமார் 18,000 ஓட்டு வித்தியாசத்தில் ஜெயித்தார். பிறகு ஐஸ். 1901-ல் சேத் லோ மேயரானார். 1902-ல் குரோக்கர் தலைமையை விட்டார். அந்த இடத்துக்கு வந்த சார்லஸ் மர்ஃபி 1924-ல் இறக்கும்வரை டம்மனியை நடத்தினார்.

கடைசிக் காலத்தில் என்ன செய்தார்?

முதலில் இங்கிலாந்து, பிறகு டப்ளின் அருகே சாண்டிஃபோர்டில் ‘கிளென்கேர்ன்’ என்ற மாளிகையும் குதிரைப் பண்ணையும். 1907-ல் அவருடைய ‘ஆர்பி’ என்ற குதிரை எப்சம் டெர்பி பந்தயத்தில் ஜெயித்தது. அயர்லாந்தில் பயிற்சி பெற்ற குதிரை அந்தப் பந்தயத்தில் ஜெயித்தது அதுவே முதல் தடவை. பஞ்சத்துக்குப் பயந்து ஓடிய குடும்பத்தின் பிள்ளை இங்கிலாந்துப் பிரபுக்களின் பந்தயத்தைத் தட்டிக்கொண்டு வந்ததை அயர்லாந்து கொண்டாடியது.

முதல் மனைவி இறந்த பிறகு 1914-ல் செரோக்கி வம்சாவளியைச் சேர்ந்த பூலா எட்மண்ட்சனைத் திருமணம் செய்தார். 1922 ஏப்ரல் 29 அன்று கிளென்கேர்னில் இறந்தார். சொத்தைப் பூலாவுக்கு எழுதிவைத்திருந்தார். பிள்ளைகள் உயிலை எதிர்த்து வழக்குப் போட்டார்கள், டப்ளின் நீதிமன்றத்தில் பூலாவே ஜெயித்தார். கிளென்கேர்ன் பிற்பாடு பிரிட்டிஷ் தூதரின் இல்லமானது.